அணைந்த பிறகும் நின்றவர்

எங்கள் தெருவில் யார் குப்பை கொளுத்தினாலும் முதலில் புகை வரும், பின்னாலேயே அந்த அம்மா வருவார். கூட்டிக் குவித்தவர்கள் தீக்குச்சியைக் கிழித்துப் போட்டுவிட்டு உலை வைக்கப் போய்விடுவார்கள். குவியல் எரிந்து, கருகி, சாம்பலாகி, கோழி அதன்மேல் நடந்துபோகிற அளவுக்கு அடங்கிய பிறகும் அந்த அம்மா நிற்பார். இடது கையில் பச்சை நிற பிளாஸ்டிக் வாளி, பாதி தண்ணீரோடு. வலது கை வெறுங்கை. கடைசியில் குனிந்து, அந்த வெறுங்கையைச் சாம்பலுக்குள் மணிக்கட்டு வரை விட்டு, பிரஷர் பார்க்க டாக்டரிடம் கை நீட்டியவர் மாதிரி அசையாமல் இருப்பார். சுட்டால் தண்ணீர். சுடாவிட்டால் கையை உதறிக்கொண்டு, யாரும் கேட்காமலே "ஆறிடுச்சு" என்று சொல்லிவிட்டு வீட்டுக்குத் திரும்புவார்.

"அணைஞ்சது வேற, ஆறுனது வேற அண்ணே." இதை என்னிடம் எத்தனை தடவை சொன்னார் என்று நான் எண்ணவில்லை. மற்றதையெல்லாம் எண்ணியிருக்கிறேன்.

எண்ணுவதுதான் என் பிழைப்பு. பி.காம். முடித்துவிட்டு விருத்தாசலத்தில் ஒரு பீங்கான் கம்பெனியில் சரக்கு அனுப்பும் இடத்தில் உட்கார்ந்தவன், தலை நரைக்கும் வரை அங்கேயே இருந்தேன். ஃபியூஸ் கட்டை, ஊறுகாய் ஜாடி, நவராத்திரி நெருங்கினால் கொலுப் பொம்மை. பெட்டிக்கு எத்தனை, உடைசல் எத்தனை, வைக்கோல் எத்தனை கட்டு என்று எண்ணிச் சொல்வது என் வேலை. பொம்மைகளுக்கு நடுவே வைக்கோல் திணித்துப் பெட்டி கட்டுவது அந்த அம்மாவின் வேலை. எங்கள் வீட்டுக்கு அடுத்த வாசலும் அவருடையதே. என்னை அண்ணே என்பார், என் மனைவியை அண்ணி என்பார். நாங்கள் இந்துக்கள், அவர்கள் வேதக்காரர்கள். கிறிஸ்துமஸுக்கு அங்கிருந்து கேக்கும் பொங்கலுக்கு இங்கிருந்து கரும்பும் போகும். அதில் கணக்கு எதுவும் இல்லை.

எனக்கு எதற்கெடுத்தாலும் பயம் என்று என் மனைவி சொல்வாள். கேஸ் சிலிண்டரை மூடினோமா என்று பஸ் ஸ்டாண்டிலிருந்து திரும்பி வந்தவன் நான். ஆனால் அந்த அம்மாவின் பக்கத்தில் நிறுத்திப் பார்த்தால் நான் பெரிய தைரியசாலி.

கல்யாண வீட்டில் சமையல்காரர்கள் பள்ளம் தோண்டி அடுப்பு மூட்டியிருப்பார்கள். பந்தி முடிந்து, மாலை வாடி, மேளக்காரர்கள் கிளம்பிய பிறகும் அந்த அம்மா அடுப்புப் பள்ளத்தின் ஓரத்தில் இருப்பார். ஒரு சமையல்காரர் அலுத்துப்போய்க் கேட்டே விட்டார்.

"ஏம்மா, பாத்திரம் காணாமப் போவுமுன்னு காவல் இருக்கியா?"

"ஒம் பாத்திரம் யாருக்கு வேணும். நீ போ. கங்கு எனக்கு இருக்கட்டும்."

"கங்கை வெச்சுக்கினு என்னா செய்வ?"

"ஒண்ணும் செய்ய மாட்டேன். அதையும் ஒண்ணும் செய்ய வுட மாட்டேன்."

கார்த்திகைக்குக் கோயில் வாசலில் பனையோலை கட்டிச் சொக்கப்பனை கொளுத்துவார்கள். அங்கேயும் வாளியோடு வந்து நிற்பார். பையன்கள் அவருக்காகக் காத்திருப்பதுபோல் நடித்து, "அக்கா வந்துட்டாங்க, இப்ப கொளுத்துங்கடா" என்பார்கள். அவர் கோபப்பட மாட்டார். "கொளுத்துங்க, கொளுத்துங்க. அப்புறம் வூட்டுக்கு ஓடிடாதீங்க, ஆளுக்கு ஒரு கொடம் தண்ணி கொண்டாங்க" என்பார். கூட்டம் கலைந்ததும் ஒருவனும் இருக்க மாட்டான். பிரசாதத்தை முந்தானையில் முடிந்துகொண்டு அவர் மட்டும் இருப்பார்.

இதெல்லாம் சிரித்துவிட்டுப் போகிற மாதிரி இருந்தது. மாதா கோயில் திருவிழாவில் நடந்தது அப்படி இல்லை. மாதா சிலை இருக்கிற குகை மாதிரியான கெபிக்கு முன்னால் தென்னங்கீற்றுப் பந்தல் போட்டிருந்தார்கள். மெழுகுவத்தி ஏற்றுகிற இடம் பந்தலுக்குள்ளேயே வந்துவிட்டது. என் மனைவி ஒரு வேண்டுதலுக்காகப் போனாள், நானும் கூடப் போனேன். சும்மா நின்ற நேரத்தில் எண்ணினேன். நாற்பத்தாறு வத்தி எரிந்தது. காற்று லேசாகத் திரும்பியது. அந்த அம்மா போய் விரலால் ஒவ்வொன்றாக அமுக்க ஆரம்பித்தார். பாதிக்கு மேல் அணைத்துவிட்டார். ஒரு பெண் ஓடிவந்து கையைப் பிடித்தாள்.

"எம் புள்ள துபாய் போவறதுக்கு ஏத்துன வத்தி அது. அமுக்குறதுக்கு நீ யாரு?"

"ஒம் புள்ள போய்ச் சேருவான். கொஞ்சம் மேல பாரு. கீத்து."

"அது எத்தினி வருசமா இப்பிடித்தான் இருக்குது. இன்னிக்கி மட்டும் எரிஞ்சிருமா?"

"எரிஞ்சப்புறம் கேக்கற கேள்வி அது."

கூட்டம் சேர்ந்தது. பங்குச் சாமியார் வந்து, இரண்டு பேரையும் பொதுவாகப் பார்த்து, "அம்மா, மாதா பாத்துக்குவாங்க" என்றார்.

"பாத்துக்குவாங்க சாமி. இல்லேங்கல. அவங்க கண்ணால பாப்பாங்க. கைய வெச்சுப் பாக்க ஒரு ஆள் வேணுமில்ல?"

சாமியார் சிரித்துவிட்டார். அந்தப் பெண் சிரிக்கவில்லை. மகன் துபாய் போனானா என்று தெரியாது. ஆனால் அதற்குப் பிறகு கெபிப் பக்கம் அந்த அம்மா வந்தாலே பெண்கள் தங்கள் வத்தியைக் கையால் மறைத்துக்கொண்டார்கள்.

அடுத்த கோடையில் மேலத்தெருவில் ஒரு வைக்கோல்போர் எரிந்தது. முதலில் போய்ச் சேர்ந்தவர் வழக்கம்போல அவர்தான். எப்படி அத்தனை சீக்கிரம் வந்தார் என்று யாரோ கேட்டார்கள். பிறகு அதே கேள்வியை எல்லாரும் கேட்டார்கள். போலீஸ்காரர் ஒருவர் வந்து விசாரித்தார். அந்த நேரத்தில் அவர் என் வாசலில் முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தார் என்று நான் சொன்னேன். என் பேச்சை நம்பினார்கள். ஆனாலும் "தீ எங்கியோ, அங்க அவங்க" என்ற பேச்சு நிலைத்துவிட்டது. அதை யாராலும் தண்ணீர் ஊற்றி அணைக்க முடியவில்லை.

அவர் ஏன் இப்படி ஆனார் என்பதை அவர் வாயால் நான் கேட்டதில்லை. அவருடைய வீட்டுக்காரர்தான் சொன்னார். அது அவர்கள் இந்தத் தெருவுக்கு வந்த புதிது; அந்த மனிதர் கயிற்றுக் கட்டிலில் குப்புறப் படுத்திருந்தார். முதுகு முழுக்க வெந்துபோன மனிதர். மல்லாக்கப் படுக்கவே முடியாது. பேசும்போது அவருக்குத் தெரிவது என் காலும் செருப்பும்தான். "புதுச் செருப்பாண்ணே?" என்று விசாரித்துவிட்டுத்தான் பேச ஆரம்பிப்பார்.

இந்தத் தெருவுக்கு வருவதற்கு முன்னால் அவர்கள் கருவேப்பிலங்குறிச்சி போகிற பக்கம் ஒரு முந்திரித் தோப்பைக் குத்தகைக்கு எடுத்திருந்தார்கள். முந்திரிக்காடு தெரிந்தவர்களுக்குச் சொல்ல வேண்டாம். தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். கொட்டை உதிரும் காலம் மாசி, பங்குனி, சித்திரை. அதுதான் சருகு உதிர்ந்து காய்ந்து கிடக்கிற காலமும். சருகுக்குள் விழுந்த கொட்டை கண்ணில் படாது. அதனால் மரத்தடியைச் சுத்தமாகக் கூட்டிவிடுவார்கள். கூட்டிய சருகை விடியற்காலையில், பனி ஈரம் இருக்கும்போதே குவியல் குவியலாகக் கொளுத்திவிடுவார்கள். வெயில் ஏறினால் மேல்காற்று எழுந்துவிடும். அதற்கு முன்னால் வேலை முடிய வேண்டும். எல்லாத் தோப்பிலும் அப்படித்தான்.

அவர்களும் அப்படித்தான் செய்தார்கள். குவியல் எரிந்து முடிந்தது. அந்த அம்மா இரண்டு குடம் தண்ணீர் ஊற்றினார். புகை நின்றது. மறுநாள் முழுக்க ஒன்றும் இல்லை. அதற்கு மறுநாள் குருத்து ஞாயிறு. கைக்குழந்தையைத் தூக்கிக்கொண்டு அவர் குருத்தோலை வாங்கக் கோயிலுக்குப் போனார். வீட்டுக்காரர் கொட்டைக்குக் காவலாகக் கொட்டகையில் படுத்திருந்தார். குவியல் இருந்த இடத்துக்கு அடியில் எப்போதோ வெட்டிய ஒரு முந்திரியின் வேர்க்கட்டை இருந்தது. மேலே மண், உள்ளே உளுத்த கட்டை. அதற்குள் கங்கு போய் உட்கார்ந்துவிட்டது. பீடி மாதிரி உள்ளுக்குள்ளேயே கனிந்துகொண்டு வேர் போன திசையில் நகர்ந்து, பக்கத்து மரத்தடியில், இன்னும் கூட்டாத சருகுக்குள் தலையை நீட்டியது. அந்த நேரம் பார்த்துக் காற்று எழுந்துவிட்டது.

"சருவுல ஓடுற தீ மொழங்கால் ஒசரந்தாண்ணே இருக்கும்" என்றார் அவர், என் செருப்பைப் பார்த்தபடி. "மிதிச்சே அணைச்சிடலாமுன்னு தோணும். முந்திரிக் கெளை தரையத் தொட்டுக்கினு இருக்குதில்ல, அதுல ஏறுனப்புறந்தான் அது யாருன்னு தெரியும். கொட்டை வெடிச்சு எண்ணெ தெறிக்குது. தெறிச்ச எடமெல்லாம் புதுசா ஒண்ணு. நேரா வந்தாக்கா நான் ஓடியிருப்பேன். அது நேரா வரல. ரெண்டு கையா நீட்டிக்கினு வந்து எனக்குப் பின்னால கோத்துக்கிச்சு."

தண்ணீரில்லாத வாய்க்காலில் குப்புற விழுந்து மண்ணில் முகத்தைப் புதைத்துக்கொண்டதால் பிழைத்தார். அடுத்தடுத்து மூன்று தோப்புகள் எரிந்தன.

"அவ அணைச்சிட்டுத்தாண்ணே போனா" என்றார். "நான் பாத்துக்கினுதான இருந்தேன். பொகைகூட இல்ல."

உள்ளே பாத்திரம் கழுவும் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. அவர் இதைச் சொன்னதும் சத்தம் நின்றது. பிறகு அந்த அம்மா விசிறியோடு வந்து, கணவரின் முதுகுக்கு விசிற உட்கார்ந்தார். நான் எழுந்து வந்துவிட்டேன். அந்த மனிதர் அப்படியே குப்புறப் படுத்தபடி இரண்டு வருஷம் இருந்து போய்ச் சேர்ந்தார்.

மகள் வளர்ந்தாள். படிப்பில் கெட்டி. பாதி நாள் எங்கள் வீட்டில்தான் வீட்டுப்பாடம் எழுதுவாள். எங்கேயாவது புகை தெரிந்தால் அவள் வாசலுக்கு வந்துகூடப் பார்க்க மாட்டாள். புத்தகத்திலிருந்து தலையைத் தூக்காமல், "அத்தே, இன்னிக்கி ராவுக்கு எனக்கும் சேத்து ஒல வைங்க" என்பாள். என் மனைவி சிரிப்பாள். நான் சிரித்ததில்லை. ஒருநாள் அவளுக்குக் காய்ச்சல். நாங்கள்தான் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிப் போனோம். அவளுடைய அம்மா அப்போது மணிமுத்தாற்றங்கரையில், யாரோ கொளுத்திவிட்டுப் போன நாணலுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தார். வந்து சேர்ந்தபோது ஊசி போட்டு முடிந்துவிட்டது. மகளின் நெற்றியில் கை வைத்தார். கையெல்லாம் சாம்பல். அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். நெற்றியில் ஐந்து விரலும் கறுப்பாகப் பதிந்திருந்தன.

அவள் படித்து, வேலைக்குப் போய், அங்கேயே பார்த்த ஒரு பையனைக் கட்டிக்கொண்டு கோயம்புத்தூரில் குடியேறினாள். தலைப்பிரசவத்துக்குத் தாய் வீட்டுக்கு வருவதுதானே வழக்கம். அவளுக்கு ரத்த அழுத்தம் கூடிவிட்டது, பஸ்ஸிலும் ரயிலிலும் ஏறக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். ஆகவே அம்மா அங்கே போக வேண்டும். "முன்கூட்டியே வந்துடுங்கம்மா. இந்த ஒரு தடவ எனக்குப் பக்கத்துல இருங்க" என்று போனில் சொன்னாள். என் போனில்தான் சொன்னாள். அந்த அம்மாவிடம் போன் கிடையாது. அந்த அம்மா தலையை ஆட்டிக்கொண்டே இருந்தார், போனுக்குத் தெரியும் என்பதுபோல.

பழைய வேட்டிகளைத் துவைத்துக் கிழித்து அடுக்கினார். என் மனைவி லேகியம் கிளறிக் கொடுத்தாள். சாயங்காலம் சேலம் பஸ்ஸைப் பிடித்து அங்கிருந்து மாறுவது என்று ஏற்பாடு. கிளம்ப வேண்டிய நாள் காலையில்தான் தொழிற்பேட்டைக்குப் பின்னாலிருந்த காட்டில் தீ பிடித்தது.

காடு என்றால் சீமைக்கருவேலங்காடு. அதில் ஒரு துண்டை யாரோ பிளாட் போடுவதற்காக ஜேசிபி வைத்துப் பிடுங்கிக் குவித்திருந்தார்கள். முள் காய்ந்ததும் ஒரு பழைய டயரைப் போட்டுக் கொளுத்தினார்கள். பங்குனி மாதம். மழை பார்த்து எத்தனையோ நாள் ஆகிவிட்ட தரை. முதலில் தீ குவியலில்தான் இருந்தது. காற்று எழுந்ததும் புல்லுக்கு இறங்கியது. புல்லிலிருந்து வேலி, வேலியிலிருந்து கருவேல். காய்ந்த நெற்றெல்லாம் சடசடவென்று பொரிந்தது. நடுவே ஒரு மண் ரோடு இருந்ததால் இந்தப் பக்கம் வராது என்று நாங்கள் நினைத்தோம். ரோட்டோரத்தில் ஒரு பட்ட பனை நின்றது. பல வருஷத்து ஓலை கழுத்தைச் சுற்றித் தொங்கியது. அதில் தீ ஏறியதும் தீப்பந்தம் மாதிரி ஆகி, ஒரு ஓலை கழன்று, எரிந்தபடியே எங்கள் தலைக்கு மேலே பறந்து சில்லுமேட்டில் போய் விழுந்தது.

தீயணைப்பு வண்டி வந்தது. அவர்கள் பாவம், வேர்த்து விறுவிறுத்து வேலை செய்தார்கள். ஒரு டேங்க் தண்ணீரும் காலி. அதற்குள் சேத்தியாத்தோப்புப் பக்கம் கரும்பு எரிகிறது என்று போன் வந்துவிட்டது. "அணைஞ்சிடுச்சு. ஒரு கண்ணு வெச்சுக்குங்க" என்று சொல்லிவிட்டுக் கிளம்பினார்கள்.

சில்லுமேட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். பீங்கான் கம்பெனிகள் எல்லாம் உடைசலைக் கொட்டிக் கொட்டி உண்டான மேடு அது. உடைந்த ஜாடி, ஃபியூஸ் கட்டை, தலையில்லாத பிள்ளையார். இரண்டு ஆள் உயரம் இருக்கும். சூளையில் வெந்த பொருள், இனிமேல் எரிய என்ன இருக்கிறது என்றுதான் யாரும் நினைப்பார்கள். ஆனால் உடைசலோடு பாழான பேக்கிங் வைக்கோலும் அங்கேதான் போகும். ஒரு அடுக்கு சில்லு, ஒரு அடுக்கு வைக்கோல். என் காலத்தில் என் ஒரு கம்பெனியிலிருந்து மட்டும் எத்தனை வண்டி வைக்கோல் போயிற்று என்று எனக்குத் தெரியும். மேட்டின் உச்சியில் நூல் மாதிரி புகை எழுந்தபோது நானும் அந்த அம்மாவும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம். வேறு யாருக்கும் அது புரியவில்லை.

"கெளம்பும்மா. பஸ்ஸுக்கு நேரமாவுது" என்றேன்.

"கெழக்கால பாருங்கண்ணே."

பார்த்தேன். மேட்டைச் சுற்றி மூன்று பக்கமும் எரிந்து கறுத்துவிட்டது, அங்கே இனி தீக்குத் தீனி இல்லை. கிழக்கே மட்டும் ஒரு பட்டை எரியாத புல். அதன் முடிவில் கூரை வீடுகள். ஒன்பது வீடுகள்.

"தண்ணி ஊத்திட்டுப் போவோம்."

"ரெண்டு கொடமா?" என்றார்.

அன்று சாயங்காலம் சேலம் பஸ் போய்விட்டது.

ஊற்றிய தண்ணீரெல்லாம் சில்லுகளின் இடுக்கில் ஓடி அடியில் போய்விட்டது. மேற்கே ஊற்றினால் தெற்கே புகைந்தது. நான் புகையும் ஓட்டைகளை எண்ணினேன். ஐந்து இருந்தது நான்காகும், மறுபடி ஏழாகும். ஜேசிபி வைத்து மேட்டைக் கலைத்துவிடலாம் என்று அலைந்தேன். டிரைவர், "யார் எடம்னு சொல்லுங்க, நாளைக்கு எவனாவது வந்து கேட்டா?" என்றான். கம்பெனி கம்பெனியாகப் போய்க் கேட்டேன். எல்லாரும் கொட்டியிருந்தார்கள், யாருடையதும் இல்லை. டவுனில் எந்த ஆபீசுக்குப் போனாலும் வேறு ஒரு ஜன்னலைக் காட்டினார்கள். தெருவில், "கல்லு எரியுமா சார்? அந்தம்மாவோட சேந்து நீங்களும் இப்பிடி ஆயிட்டீங்களே" என்றார்கள்.

அந்த அம்மா கடப்பாரையால் சில்லுகளைத் தள்ளிவிட்டு ஓட்டைக்குள் கையை விட்டுப் பார்த்தார். சாம்பலில் கை வைத்துப் பழகியவர், சில்லில் வைத்தால் என்ன ஆகும். மணிக்கட்டு, முழங்கை எல்லாம் கீறல். ஈரச் சாக்கைக் கையில் சுற்றிக்கொண்டார். சாக்கைச் சுற்றினால் சூடு தெரியாது என்று மறுபடி அவிழ்த்தார். என் மனைவி மேட்டடிக்குச் சோறு கொண்டுவந்து, "ஒனக்கென்ன பைத்தியமா? பெத்த பொண்ணு அங்க வலியோட கெடக்குறா" என்று கத்தினாள். "எனக்குத் தெரியாதா அண்ணி" என்றார். சத்தமே இல்லாமல் சொன்னார். "கால் வரமாட்டேங்குது."

நான் அங்கே இருந்து பார்த்துக்கொள்வதாகச் சொன்னேன். "நீங்க கைய வெப்பீங்களா?" என்று கேட்டார். அந்த ஓட்டையைப் பார்த்தேன். உள்ளே ஒரு ஜாடியின் விளிம்பு கத்தி மாதிரி நின்றது. "வெக்க மாட்டீங்க. தப்பு இல்லண்ணே" என்றார்.

மகள் என்னைக் கூப்பிட்டுக்கொண்டே இருந்தாள். "மாமா, பஸ் ஏறிட்டாங்களா?" என்பாள். "மேட்டுல இருக்காங்கம்மா" என்பேன். கடைசியாகக் கூப்பிட்டபோது அவள் பஸ்ஸைப் பற்றிக் கேட்கவில்லை. "மேட்டுலயா மாமா?" என்று அவளே சொல்லிவிட்டு வைத்துவிட்டாள்.

மேடு ஆறியது சித்திரையில் பெய்த ஒரு பெருமழைக்குப் பிறகுதான். அந்த அம்மா கோயம்புத்தூர் போனது அதற்குப் பிறகு. கதவைத் திறந்து உள்ளே விட்டார்கள், குழந்தையைக் கையில் கொடுத்தார்கள், ஒரு குறையும் இல்லை என்று சொன்னார். ஒரு வாரத்தில் திரும்பிவிட்டார். பிறகு இதே தெருவில்தான், இதே வாளியோடுதான் இருந்து முடிந்தார். அடக்கத்துக்கு மகள் வந்து எல்லாம் முறையாகச் செய்தாள்.

கூரை வீடுகள் எரியவில்லை. அவர் நின்றதால் எரியவில்லையா, நிற்காவிட்டாலும் எரிந்திருக்காதா என்று எனக்குத் தெரியாது. எரிந்த தோப்பை எண்ணலாம். எரியாத வீட்டை யார் கணக்கில் எழுதுவது. அந்த ஒன்பது வீட்டுக்காரர்களுக்கும் இப்படி ஒரு கணக்கு இருப்பதே தெரியாது. அவர்களில் ஒருவர், மேட்டுப் புகையால் துணி கறுக்கிறது என்று என்னிடம் சண்டைக்கு வந்தார்.

குழந்தை பிறந்த காலை எனக்கு அப்படியே நினைவிருக்கிறது. மாப்பிள்ளைதான் கூப்பிட்டார். "பொண்ணு மாமா. ஆபரேசன்தான். ரெண்டு பேரும் நல்லா இருக்காங்க. அத்தைகிட்ட குடுங்க, இவ பேசணுங்கறா."

போனைப் பிடித்துக்கொண்டு மேட்டில் ஏறினேன். சில்லு சரிந்து செருப்பு வழுக்கியது. அந்த அம்மா மண்டியிட்டு, வலது கையை முழங்கை வரை ஒரு ஓட்டைக்குள் விட்டிருந்தார். கையைச் சுற்றிப் புகை வந்துகொண்டிருந்தது.

"பொண்ணு பொறந்திருக்கும்மா."

அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"இந்தா, பேசு."

"கைய எடுத்தா எடம் தப்பிடும்ணே. காதுல வைங்க."

நான் குனிந்து போனை அவர் காதோடு வைத்தேன். பழைய போன், சத்தம் வெளியே கேட்கும். குழந்தை அழுதது. கொஞ்ச நேரம் அது மட்டும்தான் கேட்டது. பிறகு மகளின் குரல், மயக்கம் தெளியாத குரல்.

"அம்மா."

"சொல்லு கண்ணு."

"அங்க ஆறிடுச்சாம்மா?"

குத்தலாகக் கேட்கவில்லை. சாப்பிட்டீங்களா என்று கேட்பதுபோலத்தான் கேட்டாள். அந்த அம்மாவின் தோள் ஒருமுறை துடித்தது. உள்ளே ஏதோ சுட்டிருக்க வேண்டும். கையை இழுக்கவில்லை.

"ஆறிடுச்சு கண்ணு" என்றார். "சாயங்கால பஸ்ஸுக்கு வந்துடறேன்."

குழந்தை மறுபடி அழ ஆரம்பித்தது, யாரோ அதைத் தூக்கிக்கொண்டு தள்ளிப் போனார்கள், சத்தம் தேய்ந்தது. நான் போனை எடுத்துப் பார்த்தேன். வைத்துவிட்டிருந்தாள்.

"வெச்சுட்டாளா?"

"வெச்சுட்டா."

அவர் கண்ணை மூடிக்கொண்டார். கை உள்ளேயே இருந்தது.

"தண்ணிய இப்பிடித் தள்ளுங்கண்ணே" என்றார்.

தள்ளினேன்.